கயானா: வழிகாட்டியோடு போவதா, தனியாகச் சுற்றுவதா? காடு, ருபுனுனி, பெர்பிஸ் பற்றித் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

ஸ்காபரோவாசி:

எல்லாருக்கும் வணக்கம். நாங்கள் இருக்கிற பக்கத்தில் கயானாக்காரர் கனபேர். பக்கத்து வீட்டு அம்மா அந்த நாட்டின் கிழக்குப் பகுதியான பெர்பிஸில் பிறந்தவர், அவர் ஊர்க்கதை சொல்லச் சொல்ல ஒருக்கா அந்த நாட்டைப் போய்ப் பார்த்துவிட வேண்டும் என்ற எண்ணம் கன நாளாக இருக்கிறது. டொராண்டோவில் இருந்து நேரடி விமானம் இருக்கிறது, ஆறு மணி நேரம் அளவில் போய்விடலாம், ஆனால் எங்கள் ஆட்களில் போய் வந்தவர் ஒருவரையும் நான் காணவில்லை. மனைவி, 16 வயது மகன், 13 வயது மகள், நான். ஒரு சுற்றுலா நிறுவனம் ஜூலை கடைசிக்கு ஒரு திட்டம் அனுப்பியிருக்கிறது: தலைநகர் ஜார்ஜ்டவுனில் சில நாள், கைட்டூர் அருவிக்கு ஒருநாள் விமானப் பயணம், பிறகு உள்ளே காட்டு விடுதிகள், கடைசியில் "பழங்குடிப் பண்பாட்டு நிகழ்ச்சி" என்று ஒரு மாலை. விலை சரியான கூட.

வழிகாட்டி கட்டாயம் வேண்டுமா, அல்லது நாங்களே போய்ப் பார்க்கலாமா? ஜூலை சரிதானா? மனைவி மரக்கறி மட்டும்தான் சாப்பிடுவார், காட்டுக்குள் அவருக்கு என்ன கிடைக்கும்? போனவர்கள் விரிவாக எழுதினால் உதவியாக இருக்கும்.

தனிப்பயணி:

தென் அமெரிக்காவில் ஆங்கிலம் ஆட்சிமொழியாக இருக்கிற ஒரே நாடு கயானாதான். மொழிப் பிரச்சினை கிடையாது. ஜார்ஜ்டவுனில் இருந்து பிரேசில் எல்லையில் இருக்கிற லெத்தம் வரைக்கும் மினிபஸ் ஓடுகிறது. உள்ளூர் மக்களோடு உட்கார்ந்து போங்கள், இறங்கிய இடத்தில் தங்குங்கள், கேட்டால் சொல்வார்கள். சுற்றுலா நிறுவனம் வாங்கும் பணத்தில் பாதிக்கு மேல் அவர்கள் அலுவலகத்துக்குத்தான் போகும் என்பது என் எண்ணம். பெருவிலும் பொலிவியாவிலும் வழிகாட்டி இல்லாமல் சுற்றியவன் நான், அந்தச் சுதந்திரம் வேறு எதிலும் கிடைக்காது. குழுவாகப் போனால் எட்டு மணிக்குச் சாப்பாடு, ஒன்பது மணிக்குப் பறவை, பத்து மணிக்குப் பண்பாடு என்று மணி அடித்துக் கூட்டிப்போவார்கள்.

காட்டுவழி:

நான் வேலை நிமித்தமாக ஜார்ஜ்டவுனில் சில வருடம் இருந்தவன், உள்நாட்டுக்கு அடிக்கடி போக வேண்டிய வேலை. அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஜூலை. தெற்கே பிரேசில் எல்லைப் பக்கம் இருக்கும் ருபுனுனி சமவெளிக்கு வருடத்தில் ஒரே மழைக்காலம்தான், மே மாதம் தொடங்கி ஆகஸ்ட் வரை. அந்தச் சமயத்தில் சமவெளியில் பாதி தண்ணீருக்குள் இருக்கும். எசெக்கிபோ ஆற்றுப் படுகையும் அமேசான் படுகையும் அங்கே வெள்ளத்தில் ஒன்று சேர்ந்துவிடும், ஒரு பக்கத்து மீன் மறுபக்கம் நீந்திப் போகும் அளவுக்கு. இயற்கை ஆய்வாளருக்கு அது பெரிய அதிசயம். ஆனால் முதல் முறை குடும்பத்தோடு போகிறவர்களுக்குப் பாதை மூடியிருக்கும், விலங்குகள் சிதறிப் போயிருக்கும், கொசு அதிகம். இதை உங்களிடம் சொல்லாமல் ஜூலைக்குத் திட்டம் அனுப்பிய நிறுவனத்திடம் முதல் கேள்வியே அதைப் பற்றித்தான் கேட்க வேண்டும். உள்நாட்டுக்கு நல்ல காலம் செப்டம்பர் கடைசியில் இருந்து ஏப்ரல் வரை. கடற்கரைப் பக்கம் டிசம்பர், ஜனவரியில் இன்னொரு மழை உண்டு, ஆனால் ருபுனுனி அப்போது காய்ந்து கிடக்கும்.

அடுத்து வழிகாட்டி. தனிப்பயணி சொல்வது பெருவுக்குச் சரி. கயானா வேறு மாதிரி நாடு. கிட்டத்தட்ட இரண்டு லட்சத்துப் பதினையாயிரம் சதுர கிலோமீட்டர் பரப்பு, மக்கள்தொகை சுமார் எட்டு லட்சம், அதிலும் பத்தில் ஒன்பது பேர் கடலோர ஒடுங்கிய பட்டையில். மற்றதெல்லாம் காடும் சமவெளியும். உள்ளே போனால் "இறங்கிய இடத்தில் தங்க" இறங்குமிடமே அபூர்வம். லிண்டன் நகரத்துக்குத் தெற்கே பெரும்பாலும் செம்மண் பாதை. குருபுகாரியில் எசெக்கிபோ ஆற்றை மிதவைப் படகில்தான் நாங்கள் கடப்போம், இவோக்ராமா காட்டு வழியே போகும் சாலையை இரவில் மூடிவிடுவார்கள், மினிபஸ் அதுவரை வந்து விடியும்வரை நிற்கும். ஜன்னலோரம் தூங்கிக்கொண்டே அந்தக் காட்டைக் கடந்து லெத்தத்தில் இறங்கினால் கயானாவில் பார்க்க வேண்டிய பாதியைத் தூக்கத்திலேயே தாண்டி வந்துவிட்டீர்கள் என்று அர்த்தம்.

இன்னொன்றும் இருக்கிறது, பலருக்குத் தெரியாது. 2006ஆம் வருட அமெரிண்டியன் சட்டப்படி பழங்குடிக் கிராம நிலத்துக்குள் வெளியார் நுழைய அந்தக் கிராம மன்றத்தின் அனுமதி வேண்டும். மன்றத்தின் தலைவரைத் தொஷாவ் என்பார்கள், ஊரார் தேர்ந்தெடுக்கும் ஆள். ருபுனுனியின் வடக்கே பெரும்பாலும் மகூஷி கிராமங்கள், தெற்கே வபிஷானா. அது அவர்கள் வீடு, கேட்டுவிட்டு உள்ளே போவதுதான் முறை. ஒழுங்கான வழிகாட்டி இருந்தால் இந்த அனுமதியை முன்கூட்டியே அவர் வாங்கி வைத்திருப்பார்.

ஆனால் "வழிகாட்டி" என்றால் யார் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. ஜார்ஜ்டவுனில் இருந்து உங்களோடு கூடவே வந்து எல்லா இடத்திலும் அவரே பேசுகிற ஆள் வேண்டாம். ஒவ்வொரு ஊரிலும் அந்த ஊர்க்காரர் உங்களைக் கூட்டிப்போக வேண்டும். சுராமாவில் சுராமாக்காரர், ரீவாவில் ரீவாக்காரர். அந்த மனிதர் சிறுவயதில் அப்பாவோடு வேட்டைக்குப் போன பாதையில் நடக்கிறீர்கள், எந்த மரப்பட்டை காய்ச்சலுக்கு, எந்தக் கொடியை நறுக்கினால் குடிநீர், நேற்று ராத்திரி எந்த விலங்கு இதே வழியில் போயிருக்கிறது என்று அவருக்குத் தெரியும். நகரத்து வழிகாட்டி எவ்வளவு படித்தவராக இருந்தாலும் அது வராது.

நெல்லைப்பறவை:

காட்டுவழி சொன்னதை அப்படியே ஆமோதிக்கிறேன். பறவை பார்க்கப் போன குழுவில் நானும் இருந்தேன். நாட்டில் 800 வகைக்கு மேல் பறவை, எல்லாரும் ஹார்ப்பி கழுகு, ஹார்ப்பி கழுகு என்று கேட்டுத்தான் வருகிறார்கள். அது இரண்டு மூன்று வருடத்துக்கு ஒருமுறைதான் ஒரு குஞ்சு வளர்க்கும். எந்த மரத்தில் இப்போது கூடு நடப்பில் இருக்கிறது என்பது அந்தப் பக்கத்துக் கிராமத்து ஆட்களுக்கு மட்டும் தெரியும். விளம்பரத்தில் "ஹார்ப்பி கழுகு உறுதி" என்று போட்டிருந்தால் நம்பாதீர்கள், "இப்போது கூடு இருக்கிறதா" என்று கேளுங்கள்.

ஜார்ஜ்டவுனில் இருக்கும் நாள்களை வீணாக்க வேண்டாம். விடியற்காலையில் மஹைக்கா ஆற்றில் படகில் போனால் ஹோட்ஸின் பறவையைப் பார்க்கலாம், அதுதான் கயானாவின் தேசியப் பறவை. இலையைத் தின்று மாடு மாதிரி வயிற்றில் புளிக்க வைத்துச் செரிக்கிற பறவை, பக்கத்தில் போனால் சாணி வாடை அடிக்கும். குஞ்சுக்கு இறக்கையில் நகம் இருக்கும், ஆபத்து வந்தால் ஆற்றில் குதித்து நீந்தி மறுபடி அந்த நகத்தால் கிளை பிடித்து ஏறும். 13 வயதுப் பிள்ளைக்கு இதைவிட நல்ல உயிரியல் வகுப்பு கிடைக்காது.

இவோக்ராமாவில் மரங்களின் தலைமட்டத்தில், தரையில் இருந்து 30 மீட்டர் அளவு உயரத்தில், தொங்குபாலம் போட்டிருக்கிறார்கள். காலையில் இருட்டோடு ஏறி நின்றுவிட வேண்டும், வெயில் ஏறினால் ஒன்றும் அசையாது. திட்டத்தில் பாலம் பகல் பதினொரு மணிக்குப் போட்டிருந்தால் மாற்றச் சொல்லுங்கள், அல்லது அருகில் ஓர் இரவு தங்கும்படி கேளுங்கள்.

ஸ்காபரோவாசி:

மிகவும் நன்றி காட்டுவழி அண்ணா, நெல்லைப்பறவை. ஜூலை சரிவராது என்று விளங்கிவிட்டது. மார்ச் மாதப் பள்ளி விடுமுறையோடு இன்னும் ஒரு கிழமை சேர்த்து எடுக்கலாம். கைட்டூர் பற்றிக் கேட்க வேண்டும். பிள்ளைகள் நயாகராவை எத்தனையோ தரம் பார்த்துவிட்டார்கள். அவ்வளவு காசு கொடுத்து இரண்டு மணி நேரத்துக்கு இன்னோர் அருவியைப் பார்க்கத்தான் வேண்டுமா?

காட்டுவழி:

பார்க்கத்தான் வேண்டும். நயாகராவோடு ஒப்பிட ஒன்றும் இல்லை. கைட்டூர் ஒரே வீழ்ச்சியில் 226 மீட்டர் விழுகிறது, நயாகராவைப்போல நான்கு மடங்குக்கு மேல் உயரம், ஆனால் அங்கே ஹோட்டல் இல்லை, கடை இல்லை, விளிம்பில் கம்பித் தடுப்புகூடக் கிடையாது. பூங்கா வழிகாட்டி ஒருவர் கூட வருவார், அவர் நில் என்றால் நிற்க வேண்டும். 16 வயதுப் பையன்கள் படம் எடுக்கும் ஆசையில் விளிம்புக்குப் போவார்கள், அதை மட்டும் முன்கூட்டியே பேசி வையுங்கள்.

ஓக்ல் விமான நிலையத்தில் இருந்து சிறிய விமானம், ஒரு மணி நேரம் கீழே காடு தவிர வேறொன்றும் தெரியாது. ஆள் சேராவிட்டாலும் மேகம் இறங்கினாலும் பயணம் தள்ளிப்போகும், ஆகவே கைட்டூரைத் திட்டத்தின் கடைசி நாளில் வைக்கவே கூடாது. முதல் பாதியில் வைத்தால்தான் தள்ளிப்போனாலும் வேறு நாள் இருக்கும். கட்டணம் ஆளுக்கு அமெரிக்க டாலரில் 200க்கு மேல்தான் வரும்.

அருவிக்குப் போகும் பாதையில் ஆள் உயரத்தைவிடப் பெரிய பிரமீலியாச் செடிகள் நிற்கும். இலையும் தண்டும் சேருமிடத்தில் மழைநீர் தேங்கும், அந்தத் தண்ணீருக்குள் விரல்நுனி அளவு பொன்னிறத் தவளை ஒன்று பிறந்து வளர்ந்து முட்டையிட்டு வாழ்நாள் முழுவதையும் கழிக்கும். வழிகாட்டி இல்லாதவர் அந்தச் செடியைத் தாண்டி நடந்துவிடுவார். பாறைச்சேவல் என்கிற செம்மஞ்சள் பறவையும் அங்கே உண்டு.

ஒருநாள் பயணத்தில் விடுபடுவது மாலைநேரம். சூரியன் இறங்கும்போது ஆயிரக்கணக்கான உழவாரன் பறவைகள் வானத்தில் கூடிக் கல் விழுவதுபோல் அருவித் தண்ணீரைத் துளைத்துக்கொண்டு பின்னால் இருக்கும் குகைக்குள் போகும். விமானப் பயணிகள் அதற்கு முன்பே திரும்பிவிடுவார்கள். மேலே எளிமையான ஒரு தங்குமிடம் இருக்கிறது, ஓர் இரவு தங்க முடியுமா என்று கேளுங்கள். உங்கள் மகனுக்கு நடக்கப் பிடிக்கும் என்றால் தரைவழிப் பயணமும் உண்டு, மாடியா என்ற ஊர் வரை வண்டி, பிறகு போட்டாரோ ஆற்றில் படகு, அருவிகள் வரும் இடத்தில் இறங்கி நடந்து மறுபடி படகு, கடைசியில் துகெய்ட் என்ற இடத்தில் இருந்து செங்குத்தான ஏற்றம். ஐந்து நாள் அளவு ஆகும். இந்த முறை மகளோடு அது வேண்டாம்.

இந்த அருவிக்குப் பட்டமோனா மக்கள் சொல்லும் கதையும் உண்டு. காய் என்ற தலைவன் தன் மக்களைக் காக்க மகொனைமா என்ற பெருந்தெய்வத்துக்குத் தன்னையே காணிக்கையாக்கிப் படகோடு அருவியில் போனான் என்பார்கள். அந்தக் கதையை விளிம்பில் நின்று ஒரு பட்டமோனாக்காரர் சொல்லக் கேட்டிருக்கிறேன், தகவல் பலகையில் படித்தபோது எனக்கு அது வெறும் கதையாகத்தான் இருந்தது.

தனிப்பயணி:

அனுமதி விஷயம் எனக்குத் தெரியாத தகவல், நன்றி. ஆனாலும் விலையைப் பற்றிய என் கேள்வி அப்படியேதான் இருக்கிறது. ஒரு நடுத்தரக் குடும்பம் கொடுக்க முடியாத பணம் இது. எங்கே போகிறது என்று தெரியாமல் கொடுக்கச் சொல்கிறீர்களா?

காட்டுவழி:

கேட்க வேண்டிய கேள்விதான், கோபமே இல்லை. விலை கூடியிருப்பதற்கு ஒரு காரணம் எண்ணெய். 2015இல் கடலுக்கடியில் பெரிய அளவில் கண்டுபிடித்தார்கள், 2019 டிசம்பரில் உற்பத்தி தொடங்கியது, அதற்கப்புறம் ஜார்ஜ்டவுனில் ஹோட்டல் அறைகள் எண்ணெய் நிறுவன ஆட்களால் நிரம்பிவிட்டன. அதனால் நகரத்தில் இரவுகளைக் குறையுங்கள். ஸ்டாப்ரூக் சந்தை, மரத்தாலேயே கட்டிய செயின்ட் ஜார்ஜ் தேவாலயம், கடல் மட்டத்துக்குக் கீழே இருக்கும் ஊரைக் காக்கிற கடற்சுவர், டச்சுக்காரர் காலத்து வாய்க்கால்கள், இவற்றுக்கு ஒரு நாள் போதும். இருட்டிய பிறகு நடந்து திரியாமல் விடுதி சொல்லும் டாக்சியில் போங்கள்.

உள்ளே செலவு கூடுவதற்குக் காரணம் எரிபொருள். எல்லாம் விமானத்திலோ படகிலோ நாலுசக்கர வண்டியிலோதான் வர வேண்டும். ஒரு நாள் படகுக்கான பெட்ரோல் செலவே விடுதி வாடகையைத் தாண்டும் சில இடத்தில். நான்கு பேர் தனியாகப் போனால் படகுக்கு முழுப் பணமும் உங்கள் தலையில், எட்டுப் பேர் குழுவில் போனால் பாதி. இந்த ஒரு விஷயத்தில் தனியாகப் போவதுதான் அங்கே அதிகச் செலவு.

பணம் எங்கே போகிறது என்பதற்கு எளிய வழி: ஒவ்வொரு இரவும் தங்கும் விடுதியின் சொந்தக்காரர் யார் என்று நிறுவனத்திடம் எழுத்தில் கேளுங்கள். சுராமாவிலும் ரீவாவிலும் விடுதியைக் கிராமமே நடத்துகிறது. சமைப்பவர், படகோட்டி, துப்புரவு செய்பவர், வழிகாட்டி எல்லாரும் ஊர்க்காரர், மாறி மாறி வேலை கிடைக்கும். ரீவாவில் அராபைமா மீனை எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று மீட்டர் வரை வளரும் நன்னீர் மீன், மூச்சு விட மேலே வரும், அதனாலேயே அதைக் கொன்று தீர்ப்பது சுலபம். ஒரு காலத்தில் வேட்டையில் அழியும் நிலைக்கு வந்தது. வடருபுனுனிக் கிராமங்கள் அதைப் பிடிப்பதில்லை என்று தீர்மானித்துக் காத்தன, இன்று அந்த மீனைப் பார்க்கவும், தூண்டிலில் பிடித்து உடனே விடவும் ஆட்கள் வருகிறார்கள், ஊருக்குப் பிழைப்பு இருக்கிறது. யுபுகாரியில் கருங்கெய்மன் முதலை ஆய்வு நடக்கிற இடத்தில் தங்கினால் இரவில் படகில் போய் அதை அளப்பதைப் பார்க்கலாம். கரனம்பு பழைய பண்ணைவீடு, அதை நடத்திய டயான் மெக்டர்க் அம்மையார் தாயிழந்த பெரும் நீர்நாய்க் குட்டிகளை வளர்த்துக் காட்டில் விட்டவர், 2016இல் காலமானார். விடியலில் அந்தப் பக்கத்துச் சமவெளியில் ராட்சத எறும்புதின்னியைத் தேடிப் போவார்கள், நம்மூரில் எறும்புதின்னி என்று சொல்கிற அலங்கு இல்லை, வாலோடு சேர்த்து ஆள் நீளம் இருக்கிற வேறு விலங்கு.

இன்னொன்று, அந்தப் "பண்பாட்டு நிகழ்ச்சி" மாலையை நீக்கச் சொல்லுங்கள். அதற்குப் பதிலாக ஒரு காலைப்பொழுது மரவள்ளி வேலையில் உட்காருங்கள். அங்கே விளைவது கசப்பு மரவள்ளி, அப்படியே தின்றால் சயனைடு நஞ்சு. கிழங்கைத் துருவி, மட்டாப்பி என்கிற பின்னிய நீளக் கூடைக்குள் திணித்து, தொங்கவிட்டு இழுத்துப் பிழிவார்கள். பிழிந்த சாற்றை மணிக்கணக்காகக் காய்ச்சினால் நஞ்சு போய்க் கருப்பாகக் கெட்டிப்படும், அதுதான் காசரீப். மாவைப் பெரிய இரும்புத் தட்டில் வறுத்தால் ஃபரின், தட்டினால் அடை. உங்கள் மகளையும் துருவச் சொல்வார்கள், பாட்டிகளும் பிள்ளைகளும் கூட இருப்பார்கள், பேச்சு தானாக வரும். மேடை போட்டுக் காட்டும் நடனத்தில் இது கிடைக்காது.

மருந்துப்பெட்டி:

திருச்சியில் மருத்துவராக இருக்கிறேன், பயணத் தடுப்பூசி சம்பந்தமாக மட்டும் சொல்கிறேன். கயானா மஞ்சள் காய்ச்சல் உள்ள நாடுகளின் பட்டியலில் இருக்கிறது. அங்கிருந்து ஆறு நாளுக்குள் இந்தியாவுக்கு வருபவரிடம் தடுப்பூசிச் சான்று கேட்பார்கள், இல்லையென்றால் விமான நிலையத்திலேயே தனிமைப்படுத்தும் இடத்துக்கு அனுப்புவார்கள், இதில் சலுகை கிடையாது. ஊசி போட்டுப் பத்து நாள் கழித்துத்தான் சான்று செல்லும், அப்புறம் ஆயுள் முழுக்கப் போதும். சென்னையில் கிண்டி கிங் இன்ஸ்டிடியூட்டில் போடுகிறார்கள். கயானாவில் இருந்து நேரே ஊருக்கு வரும் எண்ணம் கனடாவில் இருப்பவர்களுக்கு இருந்தால் அவர்களுக்கும் இது பொருந்தும். முட்டை ஒவ்வாமை, கர்ப்பம், நோய் எதிர்ப்புச் சக்தியைக் குறைக்கும் மருந்து சாப்பிடுவது, இவை இருந்தால் முதலில் மருத்துவரிடம் பேச வேண்டும்.

உள்நாட்டில் மலேரியா உண்டு. தடுப்பு மாத்திரை எது என்று இணையத்தில் கேட்காமல் பயண மருத்துவ மையத்தில் கேளுங்கள், 13 வயதுப் பிள்ளைக்கு எடை பார்த்துத்தான் அளவு சொல்ல முடியும்.

நெல்லைப்பறவை:

இதோடு சேர்த்து: ஆற்றோரம் கபோரா என்கிற சின்ன ஈ கடிக்கும், சமவெளிப் புல்லில் கண்ணுக்குத் தெரியாத சிவப்பு உண்ணி. முழுக்கைச் சட்டை, நீளக் காலுறைக்குள் பேன்ட்டை விட்டுக் கட்டிக்கொள்வது, இரவில் குளித்துவிட்டு உடை மாற்றுவது. இவ்வளவு செய்தாலே போதும்.

பாசிப்பயறு:

சைவ உணவு பற்றி யாரும் சொல்லவில்லையே என்று நான் எழுதுகிறேன். நான் முட்டைகூடச் சாப்பிடாதவள், சமாளிக்க முடிந்தது. கடற்கரைப் பக்கம் ஒரு கஷ்டமும் இல்லை, மக்கள்தொகையில் ஐந்தில் இரண்டு பங்கு இந்திய வம்சாவளி, ரொட்டி, பருப்பு, தால் பூரி, பூசணிக் கறி, பாகற்காய், முருங்கைக்காய், தட்டைக்காய் எல்லாம் சந்தையில் குவிந்து கிடக்கும். கோயில் விசேஷத்தில் ஏழு கறி என்று ஏழு வகைக் காய்கறிகளைத் தாமரை மாதிரி இலையில் சோற்றோடு பரிமாறுவார்கள், முழுக்கச் சைவம்.

உள்ளே போனால் மீனும் காட்டிறைச்சியும்தான் வழக்கம். அவர்களுடைய பெப்பர்பாட் காசரீப் ஊற்றிச் சமைக்கும் இறைச்சிக் குழம்பு, அதை ஒதுக்கிவிடுங்கள். பதிவு செய்யும்போதே சைவம் என்றால் மீனும் கிடையாது என்று தெளிவாக எழுதுங்கள், ஏனென்றால் சாமான் எல்லாம் முன்கூட்டி ஏற்றிப் போவது, அங்கே போய்ச் சொன்னால் சமைப்பவர் தவித்துப் போவார். மரவள்ளி அடை, ஃபரின், பூசணி, முட்டைக்கோசு, பீன்ஸ், பழம் கிடைக்கும். நான் கொஞ்சம் பருப்புப் பொடியும் ஊறுகாயும் கொண்டுபோனேன். ஃபரினில் பருப்புப் பொடி போட்டுச் சாப்பிட்டதைப் பார்த்துவிட்டு சமையல் செய்த அக்காவும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

வடபழனிவாசி:

சைவம், அருவி எல்லாம் சரி. தமிழர்கள் கேட்க வேண்டிய கேள்வியை ஒருவரும் கேட்கவில்லை. அங்கே மதராசிகள் என்று ஒரு பிரிவு இருக்கிறதே, அம்மன் கோயில், தப்பு, உடுக்கை எல்லாம் இன்னும் வைத்திருக்கிறார்களே, இந்தச் சுற்றுலாத் திட்டம் எதிலும் அது வருவதில்லையா? நான் போனால் முதலில் அதைத்தான் வீடியோ எடுப்பேன்.

காட்டுவழி:

நல்ல கேள்வி, பெரும்பாலான திட்டங்களில் அது இல்லை. காடும் அருவியும்தான் விற்கும் என்று நினைக்கிறார்கள். ஸ்காபரோவாசியின் திட்டத்திலும் பெர்பிஸ் இல்லை, பக்கத்து வீட்டு அம்மாவின் ஊரையே விட்டுவிட்டு கயானா பார்ப்பதா? கட்டாயம் இரண்டு நாள் சேருங்கள்.

1838 மே 5ஆம் தேதி விட்பி, ஹெஸ்பெரஸ் என்ற இரண்டு கப்பல்களில் முதல் இந்திய ஒப்பந்தத் தொழிலாளர்கள் வந்தார்கள், அந்த நாள் இன்றும் அங்கே அரசு விடுமுறை. 1917 வரை சுமார் 2,39,000 பேர். பெரும்பாலானோர் கல்கத்தாவில் கப்பல் ஏறிய போஜ்புரி பேசும் மக்கள், மதராசிகள் என்கிற, சென்னையில் ஏறியவர்கள் சிறு பகுதிதான். அந்தச் சிறு பகுதியின் பெயர்கள் நாடு முழுக்கத் தெரியும். 2015 முதல் 2020 வரை பிரதமராக இருந்தவர் மோசஸ் நாகமுத்து. மேற்கிந்தியத் தீவுகளுக்கு ஆடிய சுழற்பந்து வீச்சாளர் வீராசாமி பெருமாள் பெர்பிஸ்காரர்.

மல்லி:

பெர்பிஸில் ஒரு கோயிலில் ஞாயிறு பூசைக்குப் போயிருக்கிறேன், அதனால் வடபழனிவாசிக்கு ஒன்று சொல்ல வேண்டும். போங்கள், ஆனால் கேமராவைத் தூக்கிக்கொண்டு போகாதீர்கள். அங்கே பூசை என்பது வைத்தியம். தீராத நோய், குழந்தையில்லாக் குறை, மன உளைச்சல் என்று வந்து நிற்பார்கள், சாமி வருபவர் வேப்பிலையால் தடவி, தண்ணீர் ஊற்றிக் குறி சொல்வார். அந்த மனிதர் தன் வாழ்க்கையின் மோசமான நாளில் அங்கே நிற்கிறார், அவரைப் படம் எடுக்க நமக்கு என்ன உரிமை? பூசாரியிடம் முதல் நாளே கேட்க வேண்டும், மூன்று நாள் அசைவம் ஒதுக்கிவிட்டு வரச் சொல்வார்கள், வர வேண்டும். சில கோயில்களில் ஆடு, கோழி பலி உண்டு, சிலர் விட்டுவிட்டார்கள். பிள்ளைகளைக் கூட்டிப்போகுமுன் விசாரித்துக்கொள்ளுங்கள்.

மாரியம்மா, காட்டேரி, மதுரைவீரன், முனீஸ்வரன் என்று நாம் அறிந்த தெய்வங்கள்தான். பாட்டு தமிழில் வரும், உச்சரிப்பு தலைமுறை தலைமுறையாகக் கேட்டுப் பாடியதில் மாறியிருக்கும், பாடுபவர்களுக்குத் தமிழ் பேசத் தெரியாது. தயவுசெய்து யாரும் அங்கே போய்த் திருத்தாதீர்கள். எனக்கு முன்னால் வந்த ஒருவர் திருத்தினார் என்று ஒரு பாட்டி வருத்தத்தோடு சொன்னார். தோட்டத்து அதிகாரி ஏளனம் செய்தான், பாதிரியார் பேய் வழிபாடு என்றார், மற்ற இந்துக்களே கீழாகப் பார்த்தார்கள், அத்தனையையும் தாண்டிக் கரும்புத் தோட்டத்து மக்கள் காப்பாற்றி வைத்த பாட்டு அது. கேட்டுவிட்டு வர வேண்டும், அவ்வளவுதான்.

வடபழனிவாசி:

மல்லி அக்கா சொன்னது சரி. வைத்தியம் என்ற கோணம் எனக்குத் தெரியாது. கேமரா இல்லாமல் போவேன். இந்திய பாஸ்போர்ட்டுக்கு விசா எங்கே கேட்பது?

காட்டுவழி:

புதுதில்லியில் கயானா தூதரகம் இருக்கிறது, அங்கேயே கேட்டுக்கொள்ளுங்கள். போகும் வழியில் அமெரிக்காவோ கனடாவோ வந்தால் அந்த நாட்டு இடைவழி விசாவும் வேண்டியிருக்கும், டிக்கெட் வாங்குமுன் அதைப் பாருங்கள்.

தனிப்பயணி:

வெனிசுலா பிரச்சினை பற்றி யாராவது சொல்லுங்கள். எசெக்கிபோவுக்கு மேற்கே எல்லாம் எங்களுடையது என்கிறார்களே, ருபுனுனியும் அதில்தானே வருகிறது?

காட்டுவழி:

ஆமாம், வரைபடத்தில் வருகிறது. கயானாவில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் நிலம் அந்த உரிமைகோரலுக்குள் இருக்கிறது. 1899இல் நடுவர் மன்றம் தீர்ப்புச் சொல்லி எல்லை போட்டது, வெனிசுலா பிற்பாடு அதை மறுத்தது, வழக்கு சர்வதேச நீதிமன்றத்துக்குப் போனது, 2023 டிசம்பரில் வெனிசுலா வாக்கெடுப்பும் நடத்தியது. ஆனால் நிலத்தை ஆள்வது கயானாதான். ருபுனுனி ஒட்டியிருப்பது பிரேசிலை, லெத்தத்தில் பாலம் கடந்தால் பொன்ஃபிம். வெனிசுலா எல்லையோரப் பகுதிகளுக்கு இந்தத் திட்டம் போகவே இல்லை. புறப்படுமுன் கனடா அரசின் பயண அறிவிப்பைப் பார்த்துக்கொள்ளுங்கள், காப்பீட்டில் உள்நாட்டில் இருந்து விமானத்தில் தூக்கி வரும் செலவு அடங்கியிருக்கிறதா என்பதையும். அங்கே பெரிய ஆஸ்பத்திரி என்றால் ஜார்ஜ்டவுன்தான்.

ஸ்காபரோவாசி:

நிறுவனத்தோடு கதைத்துவிட்டேன். மார்ச்சுக்கு மாற்றச் சம்மதித்தார்கள். நகரத்தில் ஓர் இரவு குறைத்தாயிற்று. கைட்டூர் மூன்றாம் நாள், மேலே இரவு தங்க இடம் கேட்டிருக்கிறார்கள். பிறகு தரைவழியாக இவோக்ராமா, சுராமா, ரீவா, திரும்பும்போது லெத்தத்தில் இருந்து விமானம். விடுதிகள் யாருடையவை என்று கேட்டபோது ஒன்று மட்டும் வெளியார் நடத்துவது என்று தெரிந்தது, அதை எடுத்துவிட்டு சுராமாவில் ஒரு இரவு கூட்டினோம். பண்பாட்டு நிகழ்ச்சியை நீக்க முதலில் மனமில்லை, பட்டியலில் இருந்தால்தான் வாடிக்கையாளர் கேட்பார்கள் என்றார்கள். மரவள்ளி வேலை வேண்டும் என்று சொன்னதும் அங்கே பொறுப்பாக இருக்கும் பெண்மணிக்குச் சரியான சந்தோஷம், கேட்டுச் சொல்கிறேன் என்றார்.

பெர்பிஸ் இரண்டு நாளைப் பக்கத்து வீட்டு அம்மாவே ஒழுங்கு செய்கிறார். அவருடைய தங்கை வீட்டில்தான் தங்க வேண்டுமாம், ஹோட்டல் என்று சொல்லவே விடவில்லை.

கடைசியாக ஒன்று கேட்கிறேன். ஊர் வழிகாட்டிகளுக்குக் கையில் காசு கொடுப்பதா, சாமான் ஏதும் கொண்டுபோவதா?

காட்டுவழி:

காசு, கயானா டாலரிலேயே, சின்ன நோட்டாக. ஒரு அமெரிக்க டாலருக்கு 209 அளவில் வரும், உள்ளே மாற்றுவது கஷ்டம், ஜார்ஜ்டவுனிலேயே மாற்றிவிடுங்கள். வழிகாட்டிக்கும் படகோட்டிக்கும் நேரே கையில் கொடுங்கள், சமையல்காரரை மறக்க வேண்டாம், பலரும் அவரை மறந்துவிடுகிறார்கள். சாமான் என்றால் மிட்டாய் வேண்டாம். பள்ளிக்கூடத்துக்கு என்ன தேவை என்று நிறுவனம் மூலமாகத் தொஷாவிடம் முன்கூட்டிக் கேட்டுக் கொண்டுபோங்கள். ஒரு நல்ல இருகண்நோக்கியைச் சுராமாவின் இளம் வழிகாட்டிகளுக்கு விட்டுவிட்டு வந்தால் வருடக்கணக்கில் பயன்படும். சிறிய விமானத்தில் ஆளுக்கு 20 பவுண்டுக்குக் கொஞ்சம் கூடத்தான் சாமான் ஏற்ற விடுவார்கள், பையை எடை போட்டுப் பாருங்கள்.

பாசிப்பயறு:

பருப்புப் பொடியை அந்த எடையிலேயே சேர்த்துக்கொள்ளுங்கள். போய் வந்து இந்த இழையிலேயே எழுதுங்கள், கைட்டூரில் இரவு தங்க இடம் கிடைத்ததா என்று தெரிய வேண்டும், அடுத்த வருடம் நாங்கள் போகிறோம்.